கற்பனை அண்டத்துக்கு ஒரு விண்மீன்: நீலக்குறுமீனை வைத்து ஒரு பாடம்

அறிவியல் புனைகதை எழுத உட்காருகிறவர்கள் கோளுக்குப் பெயர் வைப்பார்கள், அங்கே வாழ்கிறவர்களுக்கு மொழி உண்டாக்குவார்கள், வரைபடம்கூடப் போடுவார்கள். தலைக்கு மேலே காய்கிற விண்மீனுக்கு மட்டும் ‘பச்சைச் சூரியன்’ என்று ஒரே சொல்லோடு வேலை முடிந்துவிடும். ஆனால் அந்தக் கோளில் ஓர் ஆண்டு எத்தனை நாள், நிழல் எவ்வளவு கூர்மையாக விழும், உயிர் தோன்றவே அவகாசம் உண்டா, இரவு வானில் என்ன தெரியும் என்பதெல்லாம் அந்த விண்மீனைப் பொறுத்தது. அதைச் சரியாக அமைத்துவிட்டால் பாதி உலகம் தானாகவே அமைந்துவிடும்.

இந்தக் கட்டுரையில் முதலில் விண்மீன்களைப் பற்றிய அடிப்படையும் ஒரு சின்னக் கணக்கும் வரும். பிறகு, கணக்கில் மட்டும் இருக்கிற, அண்டத்தில் இன்னும் ஒன்றுகூடப் பிறக்காத ‘நீலக்குறுமீன்’ என்ற வகையை எடுத்துக்கொண்டு, அதைச் சுற்றி ஓர் உலகத்தைக் கட்டிப் பார்க்கலாம்.

வகை என்பது எதைக் குறிக்கிறது

விண்மீன்களை ஓ, பி, ஏ, எஃப், ஜி, கே, எம் என்று எழுத்துகளால் பிரிக்கிறார்கள். ஓ வகையின் மேற்பரப்பு 30,000 கெல்வினுக்கு மேல் கொதிக்கும், நீலமாகத் தெரியும். எம் வகை 3,700 கெல்வினுக்குக் கீழே, செம்மஞ்சளும் சிவப்புமாக இருக்கும். நம் சூரியன் ஜி வகை, 5,772 கெல்வின்.

எழுத்துகள் ஏன் இப்படி வரிசை மாறிக் கிடக்கின்றன? முதலில் விண்மீன் ஒளியை நிறம் நிறமாகப் பிரித்துக் காட்டும் நிறமாலையில் ஹைட்ரஜன் கோடுகள் எவ்வளவு அழுத்தமாக இருக்கின்றன என்று பார்த்து ஏ, பி என அகர வரிசையில் பெயர் வைத்தார்கள். பிறகு ஹார்வர்டு வானாய்வகத்தில் ஆனி ஜம்ப் கேனன் தேவையற்ற எழுத்துகளைக் கழித்து, மீதியை மாற்றி அடுக்கினார். 1901-இல் வெளியான அந்த வரிசை வெப்பநிலை வரிசையாக அமைந்துவிட்டது. பழைய எழுத்துகள் அப்படியே ஒட்டிக்கொண்டன. உங்கள் அண்டத்திலும் ஒரு வகைக்குப் பெயர் வைக்கும்போது இதை நினைவில் வையுங்கள். அந்தப் பெயரை யார் வைத்தார்கள், அப்போது அவர்களுக்கு எது தெரியாமலிருந்தது என்று ஒரு வரி இருந்தாலே அந்த வகைக்கு வரலாறு வந்துவிடும்.

எழுத்து என்பது மேற்பரப்பின் வெப்பத்தை மட்டுமே சொல்லும். ஒரே எம் எழுத்தின் கீழ் சூரியனைவிடச் சிறிய செங்குறுமீனும் வரும், திருவாதிரை போன்ற பெரும் பூதமும் வரும். (குறுமீன் என்று இங்கே எழுதுவதைச் சிலர் ‘குள்ளன்’ என்று எழுதுவார்கள். இரண்டும் ஒன்றுதான்.) அதனால் வகை உருவாக்கும்போது நிறத்திலிருந்து தொடங்கக் கூடாது. நிறையிலிருந்து தொடங்க வேண்டும்.

நிறையைச் சொல்லுங்கள், மற்றதைக் கணக்கு சொல்லும்

எல்லாவற்றையும் சூரியனோடு ஒப்பிட்டு எழுதினால் கணக்கு எளிது. சூரியனின் நிறை 1, ஒளிர்வு (அது வெளியிடும் மொத்த ஒளி) 1, பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரம் 1 வானியல் அலகு. அடுக்குக்குறி உள்ள கணிப்பான் ஒன்று போதும். நான்கே படிகள்.

ஒளிர்வு: நிறையை 3.5 அடுக்குக்கு உயர்த்துங்கள்.
ஆயுள்: 1,000 கோடி ஆண்டுகளை, நிறையின் 2.5 அடுக்கால் வகுங்கள்.
பூமியளவு வெப்பம் கிடைக்கும் தூரம்: ஒளிர்வின் வர்க்கமூலம், வானியல் அலகில்.
ஆண்டின் நீளம்: தூரத்தின் மும்மடியை நிறையால் வகுத்து, வர்க்கமூலம் எடுங்கள். விடை பூமி ஆண்டுகளில் வரும்.

சூரியனில் 0.8 பங்கு நிறையுள்ள கே வகை விண்மீன் ஒன்றுக்குப் போட்டுப் பார்ப்போம். ஒளிர்வு 0.46. ஆயுள் ஏறத்தாழ 1,750 கோடி ஆண்டுகள். கோள் இருக்க வேண்டிய தூரம் 0.68 வானியல் அலகு. ஆண்டு 0.62, அதாவது சுமார் 227 நாள். அமைதியான, நீண்ட ஆயுளுள்ள விண்மீன். உயிருள்ள உலகம்தான் வேண்டும், வானத்தில் விசித்திரம் எதுவும் வேண்டாம் என்றால் இதைவிட நல்ல தேர்வு கிடையாது.

இப்போது 10 மடங்கு நிறைக்குப் போடுங்கள். ஒளிர்வு 3,000 மடங்கைத் தாண்டும், ஆயுள் ஏறத்தாழ மூன்று கோடி ஆண்டுகளில் முடிந்துவிடும். பூமியில் டைனோசர்கள் அழிந்தே 6.6 கோடி ஆண்டுகள் ஆகின்றன. பெரிய நீல விண்மீனைச் சுற்றிப் பழைமையான நாகரிகம் ஒன்றை வைக்கிற கதைகள் விழுகிற இடம் இதுதான். அங்கே பாறை ஆறுவதற்குள் விண்மீன் வெடித்துவிடும். அப்படியொரு விண்மீன்தான் வேண்டுமென்றால் அங்கே யாரும் பிறக்க வேண்டாம், வேறெங்கிருந்தோ வந்து தங்கட்டும்.

இந்த 3.5 அடுக்கு எல்லா இடத்திலும் செல்லாது. சூரிய நிறையில் 0.43-க்குக் கீழே போனால் வேறு வாய்பாடு: நிறையை 2.3 அடுக்குக்கு உயர்த்தி, 0.23-ஆல் பெருக்க வேண்டும். 0.16 நிறைக்குப் பழைய வாய்பாட்டைப் போட்டால் ஒளிர்வு 0.0016 என்று வரும். சரியான விடை 0.0034. பாதிக்குப் பாதி தவறு. ஆயுள் வாய்பாடும் இந்தச் சின்ன விண்மீன்களுக்கு உதவாது. ஏன் என்பதைச் சற்று நேரத்தில் பார்ப்போம்.

நிறைக்குச் சுவர்களும் உண்டு. 0.08-க்குக் கீழே ஹைட்ரஜன் நிலையாக எரியாது (விண்மீனில் எரிதல் என்றால் அணுக்கரு இணைவு), அது பழுப்புக் குறுமீன். எரிந்து முடிந்து சுருங்கிய வெண்குறுமீனுக்குச் சூரியனைப்போல் சுமார் 1.4 மடங்கு என்பது உச்சவரம்பு. 1930-இல் இங்கிலாந்துக்குக் கப்பலில் போகும்போது சுப்பிரமணியன் சந்திரசேகர் போட்ட கணக்கு அது. அதற்காகவும் விண்மீன்களைப் பற்றிய மற்ற ஆய்வுகளுக்காகவும் 1983-இல் நோபல் பரிசு வந்தது. ‘மூன்று சூரிய நிறையுள்ள வெண்குறுமீன்’ என்று எழுதினால், அது ஏன் சரிந்து விழவில்லை என்பதற்கும் நீங்களே பதில் வைத்திருக்க வேண்டும்.

பச்சை விண்மீனைப் பற்றியும் ஒரு சொல். சூரியன் மிக அதிகமாக ஒளிவிடும் அலைநீளம் ஏறத்தாழ 502 நானோமீட்டர், அது பச்சைப் பகுதிதான். ஆனாலும் சூரியன் பச்சையாகத் தெரிவதில்லை. சூடான பொருள் ஒரு நிறத்தை மட்டும் உமிழாது. சிவப்பு முதல் நீலம் வரை எல்லாம் சேர்ந்து வரும், கண் அதை வெள்ளை என்று படிக்கும். வெப்பத்தைக் கூட்டக் கூட்டச் சிவப்பு, செம்மஞ்சள், வெள்ளை, நீலவெள்ளை என்று நிறம் மாறும். அந்த வரிசையில் பச்சைக்கு இடமில்லை. பச்சை வேண்டுமானால் கோளின் காற்றில் ஏதாவது செய்யுங்கள், விண்மீனை விட்டுவிடுங்கள்.

இன்னும் பிறக்காத வகை

கோட்பாட்டாளர்கள் கணக்கில் கண்டு, வானில் இன்னும் உறுதியாகக் காணாத விண்மீன்கள் பல உண்டு. முதுமையில் வீங்கிச் சிவந்த விண்மீனான செம்பூதத்தின் வயிற்றுக்குள், வெடித்த விண்மீனின் செறிந்த எச்சமான நியூட்ரான் விண்மீன் உட்கார்ந்திருப்பது ஒன்று. கிப் தார்னும் ஆனா ஷித்கோவும் 1970-களில் சொன்னது அது. புரோட்டானுக்குள் இருக்கும் குவார்க்கு என்ற துகள்களாலான விண்மீன், கண்ணுக்குத் தெரியாத கரும்பொருள் அழிவதால் வரும் வெப்பத்தில் ஒளிரும் முதல் தலைமுறை விண்மீன் என்று பட்டியல் நீளும். புதிதாக எழுத வருகிறவர்களுக்கு நீலக்குறுமீனைச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. அதற்குப் புதிய இயற்பியல் எதுவும் வேண்டாம். காலம் மட்டும் வேண்டும்.

சூரியன் தன் ஹைட்ரஜன் முழுவதையும் எரிப்பதில்லை. மையத்தில் இருக்கிற சுமார் பத்தில் ஒரு பங்கு தீர்ந்ததும் அதன் இளமை முடிந்து, வீங்கிச் செம்பூதமாகும். மிகச் சிறிய செங்குறுமீன் அப்படியல்ல. கொதிக்கிற தண்ணீர் மேலும் கீழும் புரளுவதுபோல, அதன் முழு உடலும் மையத்திலிருந்து மேற்பரப்பு வரை புரண்டுகொண்டே இருக்கும். வெளியே உள்ள ஹைட்ரஜன் உள்ளே வரும், உள்ளே உண்டான ஹீலியம் வெளியே போகும். ஏறக்குறைய முழு எரிபொருளையும் அது எரித்துத் தீர்க்கும். அதுவும் மிக மெதுவாக. ஆயுள் வாய்பாடு இங்கே பொய்த்துப்போவது இதனால்தான்.

1997-இல் கிரெகரி லாஃப்லின், பீட்டர் போடன்ஹைமர், ஃப்ரெட் ஆடம்ஸ் மூவரும் இந்த விண்மீன்களின் முதுமையைக் கணித்தார்கள். சூரிய நிறையில் கால் பங்குக்கும் குறைவாக இருந்தால் அது வயதானபின் செம்பூதமாக வீங்காது. ஒளிர்வு கூடும், ஆனால் உடல் அவ்வளவாகப் பெருக்காது. பெருக்காத உடலிலிருந்து கூடுதல் ஆற்றல் வெளியேற ஒரே வழி, மேற்பரப்பு சூடாவது. சிவந்திருந்தது வெளுத்து, மெல்ல நீலத்தை நோக்கி நகரும். அதுதான் நீலக்குறுமீன்.

0.16 சூரிய நிறைக்கு அவர்கள் வழியில் கிடைக்கும் கணக்கு இது: செங்குறுமீனாக 2.5 லட்சம் கோடி ஆண்டுகள். பிறகு ஏறத்தாழ 500 கோடி ஆண்டுகளுக்கு நீலக்குறுமீன். அந்தக் காலத்தில் ஒளிர்வு சூரியனில் மூன்றில் ஒரு பங்கு, மேற்பரப்பு 6,500 முதல் 8,500 கெல்வின். அண்டத்தின் இன்றைய வயது 1,380 கோடி ஆண்டுகள். இந்த நிறையில் முதல் நீலக்குறுமீன் தோன்ற இதைப்போல நூறு மடங்குக்கும் மேலான காலம் காத்திருக்க வேண்டும். பக்கத்தில் ஆறு ஒளியாண்டில் இருக்கிற பார்னார்டு விண்மீனின் நிறையும் 0.16-தான். அதற்கும் ஒரு நாள் இது நடக்கும்.

500 கோடி ஆண்டு என்ற எண்ணைக் கவனியுங்கள். பூமியின் வயது 454 கோடி ஆண்டுகள். சாகப்போகிற ஒரு சின்ன விண்மீன், கடைசியில் ஒரு பூமியின் முழு வரலாற்றுக்குப் போதுமான நிலையான வெளிச்சத்தைத் தந்துவிட்டுப் போகிறது. கதை எழுதுகிறவருக்கு இந்த வகை முக்கியமாவது இங்கேதான்.

அதன் கீழே ஓர் உலகம்

ஒளிர்வு 0.33, ஆகவே கோள் 0.58 வானியல் அலகு தூரத்தில் இருக்கட்டும். மும்மடி 0.19, நிறை 0.16-ஆல் வகுத்தால் 1.2, வர்க்கமூலம் 1.1. ஆண்டுக்கு ஏறத்தாழ 400 நாள். சூரியனைவிடப் பல மடங்கு சிறிய விண்மீனைச் சுற்றியும் ஆண்டு நம்முடையதைப்போலவே வருகிறது. செங்குறுமீன் கதைகளில் ஆண்டு பெரும்பாலும் சில நாள்களில் முடிந்துவிடும். பிராக்சிமா செந்தோரி என்ற செங்குறுமீனைச் சுற்றும் ‘பி’ கோளுக்கு 11.2 நாள்தான்.

பகலில் அண்ணாந்து பார்த்தால் என்ன தெரியும்? ஒளிர்வின் வர்க்கமூலத்தை எடுத்து, 5,772-ஐ விண்மீனின் வெப்பநிலையால் வகுத்து வரும் விடையின் வர்க்கத்தால் பெருக்கினால் ஆரம் கிடைக்கும். 7,500 கெல்வினுக்கு 0.34 சூரிய ஆரம். 0.58 தூரத்திலிருந்து பார்க்க, நமக்குச் சூரியன் தெரியும் அகலத்தில் ஐந்தில் மூன்று பங்கு. பெயரில் நீலம் இருந்தாலும் கண்ணுக்கு வெள்ளைதான், ஓரத்தில் ஒரு நீலச் சாயல் இருக்கலாம். வட்டு சிறியது என்பதால் நிழலின் விளிம்பு நம் ஊர் நிழலைவிடக் கூர்மையாக விழும். சுவரில் விழும் கம்பியின் நிழலை வைத்தே இது வேறு விண்மீன் என்று வாசகருக்குக் காட்டிவிடலாம்.

இனி, நீலமாவதற்கு முன்பு அதே கோள் எப்படி இருந்தது என்று பாருங்கள். செங்குறுமீன் காலத்தில் ஒளிர்வு 0.0034. நீலக்காலத்தில் கிடைப்பதில் நூறில் ஒரு பங்கு வெளிச்சம், சனிக்குக் கிடைக்கிற அளவு. தரை மைனஸ் 190 டிகிரி செல்சியஸ் அளவில் இருக்கும். ஆக்சிஜன் மைனஸ் 183-இல் திரவமாகிவிடும். கரியமிலவாயு பனியாகக் கிடக்கும். நைட்ரஜன் மைனஸ் 196 வரை தாங்கும் என்பதால் மயிரிழையில் காற்றாக மிஞ்சும். லட்சக்கணக்கான கோடி ஆண்டுகள் இப்படி உறைந்து கிடந்த கோள் மெல்ல உருகுகிறது. ஒரு தலைமுறை பார்த்து முடிக்கிற உருகல் அல்ல இது. இனங்கள் தோன்றி மறைகிற கால அளவில் நடப்பது.

தொடக்கநிலை எழுத்தாளர்கள் தவறவிடுகிற பெரிய சிக்கல் கோளின் உள்வெப்பம். பூமியின் எரிமலைகளையும் நிலத்தட்டுகளையும் நகர்த்தும் வெப்பத்தில் ஏறத்தாழப் பாதி யுரேனியம், தோரியம், பொட்டாசியம் சிதைவதால் வருகிறது. தோரியத்தின் அரைவாழ்வு 1,400 கோடி ஆண்டுகள். விண்மீனோடு சேர்ந்து பிறந்த கோள் என்றால், 2.5 லட்சம் கோடி ஆண்டுகளில் அது 178 முறை பாதியாகியிருக்கும். அந்தக் கோள் முழுக்கத் தோரியத்தால் ஆனதாகவே இருந்திருந்தாலும் ஓர் அணுகூட மிஞ்சியிருக்காது. யுரேனியம் அதற்கும் வெகு முன்பே தீர்ந்திருக்கும்.

ஆகவே அங்கே எரிமலை இல்லை, நிலநடுக்கம் இல்லை, புதிய மலை எழும்பாது. இரும்பு மையம் உறைந்துவிட்டதால் காந்தப்புலமும் இல்லை, திசைகாட்டி வேலை செய்யாது. நீலமாகிவரும் விண்மீன் முன்பைவிட அதிகப் புறஊதாக் கதிரை வீசும், தடுக்க ஓசோன் இருக்கிறதா என்று நீங்கள் முடிவு செய்ய வேண்டும். அணுக்கரு ஆற்றல் என்ற எண்ணமே அங்குள்ளவர்களுக்கு எளிதில் வராது, பிளப்பதற்கு யுரேனியம் கிடையாது. பாறையின் வயதைக் கணிக்க நாம் நம்பியிருக்கும் யுரேனியக் கடிகாரமும் இல்லை. தங்கள் உலகம் எவ்வளவு பழையது என்று அவர்கள் எப்படிக் கண்டுபிடிப்பார்கள்? ஒரு நாவலுக்கு இந்தக் கேள்வி ஒன்றே போதும்.

உள்வெப்பம் வேண்டும் என்று அடம்பிடித்தால் வழி உண்டு. உலகத்தைக் கோளாக வைக்காமல், பெரிய வாயுக்கோள் ஒன்றின் நிலவாக வையுங்கள். அருகில் வேறு நிலவுகளும் சுற்றி, இதன் பாதையைச் சற்று நீள்வட்டமாகவே வைத்திருந்தால், பெருங்கோளின் ஈர்ப்பு அதைப் பிசைந்து சூடாக்கும். வியாழனின் நிலவான ஐஓவில் எரிமலைகள் பொங்குவது இப்படித்தான். இந்தப் பிசைவு எத்தனை லட்சம் கோடி ஆண்டுகள் தாங்கும் என்பதில்தான் பலவீனம். அந்த நிலவுகள் அண்மையில்தான் ஒன்றையொன்று இப்படி இழுக்கும் பாதைகளுக்குள் வந்தன என்று வைத்தால் தப்பலாம்.

நிலவாக வைப்பதில் இன்னொரு லாபமும் உண்டு. இவ்வளவு நீண்ட காலத்தில் கோளின் சுழற்சி தேய்ந்து, பெரும்பாலும் ஒரே பக்கத்தை விண்மீனுக்குக் காட்டியபடி நின்றுவிடும். ஒரு பாதிக்கு நிரந்தரப் பகல், மறுபாதிக்கு நிரந்தர இரவு. நிலவாக இருந்தால் அது பெருங்கோளுக்குத்தான் ஒரே முகத்தைக் காட்டும். விண்மீன் உதிக்கும், மறையும். வியாழனின் நிலவான கானிமீடு ஒரு சுற்றை 7.15 நாளில் முடிக்கிறது. அந்த அளவை எடுத்துக்கொண்டால் மூன்றரை நாள் பகல், மூன்றரை நாள் இரவு.

அந்த இரவு வானம்

நீலக்குறுமீன் அண்டத்துக்கே உரிய காட்சி இரவில்தான் இருக்கிறது. அண்டம் விரிந்துகொண்டே போவதால், இன்னும் சில பத்தாயிரம் கோடி ஆண்டுகளில் தொலைவான விண்மீன் மண்டலங்கள் பார்வை எல்லையைத் தாண்டி மங்கிவிடும். நம் மண்டலமான பால்வழியும் பக்கத்துப் பெரிய மண்டலமான ஆண்ட்ரமெடாவும் அருகிலுள்ள சிறியவையும் ஈர்ப்பால் சேர்ந்து ஒன்றாகிவிடும். லட்சக்கணக்கான கோடி ஆண்டுகளுக்குப் பிறகு வருகிறவர்களுக்கு அந்த ஒற்றை மண்டலம்தான் மொத்த அண்டம். அண்டம் விரிகிறது என்று நாம் கண்டது, பிற மண்டலங்கள் விலகிப் போவதைப் பார்த்துத்தான். அவர்களிடம் பார்க்க எதுவும் இருக்காது. எவ்வளவு பெரிய தொலைநோக்கி கட்டினாலும், ‘எல்லாம் எப்போதும் இப்படியே இருந்தது’ என்ற தவறான முடிவுக்கே அவர்களின் நேர்மையான அறிவியல் அவர்களைக் கொண்டுபோகும்.

வெறும் கண்ணுக்கோ வானம் பெரும்பாலும் வெறுமை. பெரிய விண்மீன்கள் எப்போதோ செத்துவிட்டன. மிஞ்சியவை செங்குறுமீன்கள், அவற்றில் ஒன்றைக்கூட இன்று நம்மால் வெறும் கண்ணால் பார்க்க முடியாது. குளிர்ந்துபோன வெண்குறுமீன்களும் தெரியா. தெரிகிறவை பக்கத்தில் இருக்கிற மற்ற நீலக்குறுமீன்கள் சில. ஒவ்வொன்றும் தெரிகிறது என்றாலே, அங்கே ஓர் உலகம் உருகியிருக்கலாம் என்று பொருள். விண்கலம் அனுப்ப எந்த விண்மீனைத் தேர்ந்தெடுப்பது என்ற குழப்பம் அந்த மக்களுக்கு வராது.

அணைவதைப் பற்றி

விண்மீன் சாகும் காட்சியில்தான் கதைகள் அதிகம் சறுக்குகின்றன. மையத்தில் எரிதல் நின்ற மறுகணம் விளக்கை அணைத்ததுபோல் இருளாகிவிடும் என்று எழுதிவிடுகிறார்கள். சூரியனின் மையத்தில் இன்று எரிதல் நின்றுவிட்டால் நம் கண்ணுக்கு உடனே தெரியவே தெரியாது. உள்ளே தேங்கியிருக்கும் வெப்பமும் சுருங்குவதால் வரும் ஆற்றலும் சேர்ந்து கோடிக்கணக்கான ஆண்டுகள் அதை ஒளிர வைக்கும். முதலில் நிற்பது, எரிதலில் உண்டாகி எதையும் ஊடுருவி வெளியேறும் நுண்துகள்களான நியூட்ரினோக்களின் வரத்து. எட்டு நிமிடத்தில் அது குறைந்திருப்பதை நிலத்தடியில் உள்ள உணர்கருவிகள் பதிவு செய்யும்.

நீலக்குறுமீன் வெடிக்காது, வீங்கவும் செய்யாது. ஹைட்ரஜன் தீர்ந்ததும் ஹீலியத்தை எரிக்கும் அளவுக்கு மையம் சூடாகாது, அதற்கு நிறை போதாது. ஹீலியத்தாலான வெண்குறுமீனாகச் சுருங்கிக் குளிரும். கதையில் அந்த முடிவை வைப்பதானால், நியூட்ரினோக் கருவியின் எண் ஆண்டுக்காண்டு இறங்குவதைக் கவனித்துக்கொண்டிருக்கும் ஒருவரிடமிருந்து தொடங்குங்கள். வெளியே வெயில் அப்போதும் அப்படியே காய்ந்துகொண்டிருக்கும்.